பன்னிரண்டரையை ஐந்தாக்கிய கல்முனைச் சட்டத்தரணி

கொஞ்சம் நீளமான பதிவு. நேரம் இருப்பவர்கள் வாசியுங்கள், மற்றவர்கள் சேமித்து வைத்து ஆறுதலாக வாசியுங்கள்.

செப்டம்பர் 16 கழிந்து, சந்தியில் ஒட்டிய போஸ்டர்கள் எல்லாம் மழைக்கு உரிந்த பிறகு இதை எழுதுகிறோம். வேண்டுமென்றேதான் பிந்தி எழுதுகிறோம். அந்த நாளில் எழுதினால் எந்தக் கட்சிக்காக எழுதுகிறீர்கள் என்ற கேள்விதான் முதல் கொமெண்டாக வரும். எந்தக் கட்சிக்காகவும் இல்லை. படிப்பிக்கிற எங்களுக்கு வகுப்பில் ஒரு தேவை வந்தது, அதனால் எழுதுகிறோம்.

தரம் 10 பிள்ளைகளுக்குக் குடியுரிமைக் கல்வியில் தேர்தல் முறைகள் பற்றிய பாடம். பாடத்துக்குள் போவதற்கு முன்னால் ஒரு கேள்வி கேட்டோம். "மர்ஹூம் அஷ்ரஃப் அவர்கள் யார்?" முப்பத்துச் சொச்சம் பிள்ளைகளும் கையைத் தூக்கினார்கள். முதலாவது பதில், "ஹெலிகொப்டர்ல மௌத்தானவர் டீச்சர்." இரண்டாவது, "ஒலுவில் கெம்பஸ் கட்டினவர்." மூன்றாவது பிள்ளை, "எங்கட மூத்தவாப்பா அவருக்காக அழுதவராம்." சரி, அவர் என்ன தொழில் செய்தார் என்று கேட்டோம். "அரசியல்" என்றார்கள். அதற்கு முதல்? வகுப்பு அமைதி.

பிள்ளைகளைக் குறை சொல்ல ஒன்றுமில்லை. ஊரில் பெரியவர்கள் கதைப்பதும் அந்த மரணத்தைப் பற்றித்தான். 2000 செப்டம்பர் 16 ஒரு சனிக்கிழமை. நாங்கள் அப்போது சின்னப் பிள்ளைகள். கொழும்பிலிருந்து அம்பாறைக்குப் புறப்பட்ட ஹெலிகொப்டர் அரநாயக்கப் பக்கம் மலையில் விழுந்ததாம் என்று செய்தி வந்தபோது, கடைக்காரர்கள் ஒருத்தரும் சொல்லாமலே பலகையை இழுத்துப் போட்டார்கள். வாப்பாமார் அழுததை முதன்முதலில் நாங்கள் கண்டது அன்றுதான். அப்படி ஒரு நாளைக் கண்ட பரம்பரை அந்த நாளைத்தான் திரும்பத் திரும்பச் சொல்லும். ஆனால் மரணத்தைச் சொல்லிச் சொல்லி, அந்த மனிதர் உயிரோடு இருந்தபோது என்ன வேலை செய்தார் என்பதை விட்டுவிட்டோம்.

அவர் சட்டத்தரணி. 1948 ஒக்டோபர் 23இல் சம்மாந்துறையில் பிறந்து, கல்முனையில் வளர்ந்து, வெஸ்லியில் படித்து, சட்டக் கல்லூரிக்குப் போய் வந்தவர். பிற்காலத்தில் ஜனாதிபதி சட்டத்தரணி.

எங்கள் பக்கத்தில் லோயர் என்றால் யார் என்று வெளியூர்க்காரருக்குக் கொஞ்சம் விளக்க வேண்டும். கல்முனைக் கோர்ட்டுக்கு வரும் வழக்கில் பாதி வயல் வழக்கு. வரம்பு, வாய்க்கால், பெர்மிட் காணி, உறுதி இல்லாத காணி, உறுதி இருந்தும் அனுபவம் இல்லாத காணி. வழக்காடுகிறவர்களில் அநேகம் பேருக்குக் கையில் இருக்கும் காகிதத்தை வாசிக்கத் தெரியாது. அந்தக் காகிதத்தில் எந்த வரி தன்னைக் காப்பாற்றும், எந்த வரி தன்னை விழுத்தும் என்று சொல்லக்கூடிய ஒரே ஆள் லோயர். இதை மனதில் வைத்துக்கொண்டு அவருடைய அரசியலைப் பாருங்கள். எங்களுக்கு எல்லாமே அங்கிருந்து வந்ததாகத்தான் தெரிகிறது.

ஆரம்பத்தில் அவர் தமிழர் விடுதலைக் கூட்டணியோடு நின்றவர். இது இன்றைய பிள்ளைகளுக்கு ஆச்சரியமாக இருக்கும். 1977 தேர்தலில் முஸ்லிம் ஐக்கிய விடுதலை முன்னணி கூட்டணியோடு உடன்பாடு செய்து, உதயசூரியன் சின்னத்தில் முஸ்லிம் ஊர்களில் கேட்டது. அஷ்ரஃப் அதற்காக மேடை ஏறினார். எல்லா இடத்திலும் தோல்வி. கல்முனைத் தொகுதியை யூ.என்.பி.யின் ஏ. ஆர். மன்சூர் வென்றார். அவரும் சட்டத்தரணிதான், அவருடைய சேவையையும் எங்கள் ஊர் மறக்காது. கூட்டணியோடான உறவு அதற்குப் பிறகு நீளவில்லை. 1981இல் காத்தான்குடியில் முஸ்லிம் காங்கிரஸ் உருவானபோது அது இன்றைக்கு நாம் அறிந்த மாதிரி ஒரு தேர்தல் கட்சி அல்ல. 1985 ஏப்ரலில் கல்முனை, காரைதீவுப் பக்கம் தமிழ்–முஸ்லிம் கலவரம். பக்கத்து வீடுகள் பகையாகின. அதற்குப் பிறகு அவர் குடும்பத்தோடு கொழும்புக்கு இடம்பெயர்ந்தார். 1986 நவம்பரில் கொழும்பில் கூட்டம் கூடி, கட்சியைத் தேசிய அளவிலான அரசியல் கட்சியாக்கித் தலைமையை எடுத்தார்.

அடுத்த வருடம் இலங்கை–இந்திய ஒப்பந்தம். வடக்கும் கிழக்கும் ஒன்றாக்கப்பட்டன. கிழக்கில் மூன்றில் ஒரு பங்காக இருந்த முஸ்லிம்கள், இணைந்த மாகாணத்தில் ஏறத்தாழ ஆறில் ஒரு பங்காகச் சுருங்கினார்கள். யாரும் எங்களைக் கேட்கவில்லை. 1988 நவம்பரில் மாகாண சபைத் தேர்தல் வந்தபோது ஆயுதம் தூக்கிய எல்லாப் பக்கத்திலிருந்தும் அச்சுறுத்தல் இருந்த காலம். போட்டியிடுவது உயிரைப் பணயம் வைக்கிற காரியம். முஸ்லிம் காங்கிரஸ் கேட்டது. 71 ஆசனங்களில் 17 எடுத்தது. இதை வீரம் என்று மேடைகளில் சொல்வார்கள். சரிதான். ஆனால் அதற்கு அடுத்த மாதம் நடந்ததுதான் எங்களுடைய பாடம்.

கரும்பலகையில் "வெட்டுப்புள்ளி" என்று எழுதினோம். பிள்ளைகள் உடனே "ஏ.எல். கட் ஓஃப் மாதிரியா டீச்சர்?" என்றார்கள். ஆமாம், அதே மாதிரித்தான். அந்தச் சொல் எங்கள் பிள்ளைகளுக்கு நன்றாக விளங்கும். எங்களுக்கும் விளங்கும். எங்களில் பலர் வெட்டுப்புள்ளிக்குச் சொற்ப புள்ளி குறைந்து பல்கலைக்கழகம் போகாமல், தொண்டர் ஆசிரியையாகச் சம்பளம் இல்லாமல் படிப்பித்து, நியமனம் எடுத்து, பிறகு அட்டாளைச்சேனை ஆசிரியர் கலாசாலையில் இரண்டு வருடம் இருந்து வந்தவர்கள்.

1978 அரசியலமைப்பு விகிதாசார முறையைக் கொண்டுவந்தது. விகிதாசாரம் என்றால் சின்னக் கட்சிகளுக்கும் இடம் கிடைக்கும் என்றுதானே நினைப்போம். ஆனால் 99ஆம் உறுப்புரையில் ஒரு நிபந்தனை இருந்தது. ஒரு மாவட்டத்தில் அளிக்கப்பட்ட வாக்குகளில் எட்டில் ஒரு பங்கு, அதாவது 12.5 வீதம், எடுக்காத கட்சி கணக்கிலேயே சேராது. அந்த வாக்குகளைத் தூக்கி ஒரு பக்கம் வைத்துவிட்டு மிச்சத்தைத்தான் பங்கிடுவார்கள்.

பலகையில் ஒரு கணக்குப் போட்டோம். ஒரு மாவட்டத்தில் 300,000 செல்லுபடியான வாக்கு என்று வைப்போம். 12.5 வீதம் என்றால் 37,500 வேண்டும். ஒரு கட்சி 30,000 எடுத்திருந்தால்? ஒன்றுமில்லை. முப்பதாயிரம் பேர் வரிசையில் நின்று, விரலில் மை பூசி, வெறுங்கையோடு வீட்டுக்குப் போக வேண்டியதுதான். இதே வெட்டுப்புள்ளி 5 வீதம் என்றால் 15,000 போதும், அந்த முப்பதாயிரமும் கணக்குக்குள் வரும். முஸ்லிம்கள் அம்பாறை மாவட்டம் தவிர மற்ற இடங்களில் எல்லாம் சிதறி வாழ்கிறவர்கள். கண்டி, கொழும்பு, குருநாகல், புத்தளம், வன்னி என்று எங்கு பார்த்தாலும் சிறுபான்மைதான். அந்த 12.5 இருக்கும்வரை, பெரிய கட்சிகளின் நிழலில் ஒதுங்குவதைத் தவிர வேறு வழி இல்லை. கூட்டம் போட்டு எவ்வளவு கத்தினாலும் அந்த எண் மாறாது.

1988 டிசம்பரில் ஜனாதிபதித் தேர்தல். பிரேமதாச கேட்கிறார். நாடு எரிந்துகொண்டிருந்த நேரம், ஒவ்வொரு வாக்கும் அவருக்குத் தேவை. அவருக்கு முஸ்லிம் காங்கிரஸின் ஆதரவு வேண்டும். அஷ்ரஃப் அதற்கு விலையாக அமைச்சுப் பதவி கேட்டிருக்கலாம். வீதி, பாலம், வாகனம் கேட்டிருக்கலாம். அவர் அந்த எண்ணைக் கேட்டார். 12.5ஐ 5 ஆக்குங்கள் என்றார்.

இதில் எங்களுக்கு மிகவும் பிடித்த இடம் அடுத்ததுதான். வாக்குறுதியை நம்பி வாக்கைக் கொடுத்துவிட்டுப் பிறகு கொழும்புக்கு அலைவதுதான் எங்கள் அரசியல்வாதிகளின் வழமை. இவர் முதலில் காகிதம் என்றார். யூ.என்.பி.க்கு அப்போது பாராளுமன்றத்தில் ஆறில் ஐந்து பெரும்பான்மை இருந்தது, நினைத்தால் ஒரே நாளில் அரசியலமைப்பைத் திருத்தலாம். 15ஆவது திருத்தம் 1988 டிசம்பர் 17இல் சட்டமானது. எட்டில் ஒரு பங்கு இருபதில் ஒரு பங்கானது. ஜனாதிபதித் தேர்தல் டிசம்பர் 19. நாட்களைப் பாருங்கள். வாக்களிப்புக்கு இரண்டு நாள் முதல் கையெழுத்து விழுந்துவிட்டது. பிரேமதாச 50 வீதத்தை மயிரிழையில் தாண்டி வென்றார். கல்முனைக் கோர்ட்டில், உறுதி எழுதாமல் காணிக்குக் காசு கொடுக்காதே என்று கட்சிக்காரனுக்குச் சொல்கிற லோயரின் புத்தி இது. (கட்சிக்காரன் என்றால் இங்கே வழக்காளி. பிள்ளைகள் குழம்பினார்கள், அதனால் சொல்கிறோம்.)

1989 பெப்ரவரிப் பொதுத் தேர்தலில் முஸ்லிம் காங்கிரஸுக்கு 4 ஆசனம். அஷ்ரஃப் திகாமடுல்லயிலிருந்து பாராளுமன்றம் போனார். அடுத்த வருடம் காத்தான்குடிப் பள்ளிவாசல்கள், ஏறாவூர், வடக்கிலிருந்து ஒட்டுமொத்த வெளியேற்றம். அந்த வருடத்தைப் பற்றி இந்தப் பதிவில் எழுத எங்களுக்குத் தெம்பில்லை. ஒன்று மட்டும். அந்த நேரத்தில் பாராளுமன்றத்தில் எங்களுக்கென்று எழும்பிப் பேச, வேறு எந்தக் கட்சியின் கொறடாவிடமும் அனுமதி கேட்கத் தேவையில்லாத குரல் ஒன்று இருந்தது. அது அந்த 5 வீத அரசியலின் பலன்.

1994 ஓகஸ்ட் கணக்கு இன்னும் சுவையானது, பிள்ளைகளே கூட்டிக் கண்டுபிடித்தார்கள். 225 பேர் கொண்ட சபையில் ஆட்சிக்கு 113 வேண்டும். சந்திரிகாவின் பொதுஜன ஐக்கிய முன்னணிக்கு 105. முஸ்லிம் காங்கிரஸுக்கு 7. மொத்தம் 112. மலையக மக்கள் முன்னணியின் சந்திரசேகரன் ஒருவர் சேர, 113. பதினேழு வருட யூ.என்.பி. ஆட்சி முடிந்தது இந்தக் கூட்டலில்தான். அஷ்ரஃப் துறைமுகங்கள், கப்பற்றுறை, புனர்வாழ்வு, புனரமைப்பு அமைச்சரானார்.

அவர் அமைச்சராகச் செய்த வேலைகளை மற்றவர்கள் எழுதிவிட்டார்கள், பட்டியல் போட விருப்பமில்லை. ஒன்றைச் சொல்லாமல் இருக்க முடியாது. கிழக்குப் பல்கலைக்கழகம் வந்தாறுமூலையில் இருந்தது. 1990க்குப் பிறகு எங்கள் பிள்ளைகள் அங்கே போய்ப் படிக்கிற சூழல் இல்லை. பேராதனையும் கொழும்பும் தூரம். பெண் பிள்ளையை அவ்வளவு தூரம் அனுப்ப எத்தனை வாப்பாமார் சம்மதிப்பார்கள்? 1995 ஒக்டோபர் 23இல் தென்கிழக்குப் பல்கலைக்கழகக் கல்லூரி அட்டாளைச்சேனையில் தொடங்கியது. அவருடைய பிறந்த நாள் அது. 1996 மேயில் முழுப் பல்கலைக்கழகமானது, பிறகு ஒலுவிலுக்குப் போனது. நாங்கள் கலாசாலையில் பயிற்சி பெற்றதும் அதே அட்டாளைச்சேனையில்தான். எங்களோடு இருந்தவர்களில் சிலர் பிறகு ஒலுவிலிலேயே வெளிவாரிப் பட்டம் முடித்தார்கள், ஒருத்தி கைக்குழந்தையை உம்மாவிடம் விட்டுவிட்டு சனி, ஞாயிறு வகுப்புக்குப் போய் வந்தாள். இப்போது எங்கள் ஊரிலிருந்து காலை பஸ்ஸில் ஏறி ஒலுவில் போய் மஃரிபுக்கு முதல் வீட்டுக்கு வந்துவிடலாம். ஒரு வாப்பா சம்மதிப்பதற்கும் சம்மதிக்காமல் விடுவதற்கும் இடையில் இருப்பது அந்த பஸ் நேரம்தான். இன்று சிங்களப் பிள்ளைகளும் தமிழ்ப் பிள்ளைகளும் அங்கே படிக்கிறார்கள், அது இன்னொரு சந்தோஷம்.

குறைகளும் உண்டு. சொல்லாவிட்டால் பிள்ளைகளுக்குப் பொய் சொன்னவர்களாவோம். துறைமுகத்தில் எங்கள் இளைஞர்கள் ஆயிரக்கணக்கில் வேலை எடுத்தார்கள், பல வீடுகளில் அடுப்பு எரிந்தது. ஆனால் வேலைக்குக் கட்சிக்காரன் என்ற அடையாளம் வேண்டும் என்ற பழக்கமும் அந்தக் காலத்தில் வலுத்தது, இன்றுவரை அது எங்களை விடவில்லை. ஒரு தலைவரைச் சுற்றியே கட்சி கட்டப்பட்டது. அதனால் அவர் போனதும் அது துண்டு துண்டானது. முஸ்லிம் காங்கிரஸ் ஒரு பக்கம், நுஆ ஒரு பக்கம், தேசிய காங்கிரஸ் ஒரு பக்கம், மக்கள் காங்கிரஸ் இன்னொரு பக்கம். எல்லோர் போஸ்டரிலும் அவர் படம்தான் மேலே. அவர் கனவு கண்ட ஒலுவில் துறைமுகம் அவருக்குப் பின் கட்டப்பட்டு 2013இல் திறக்கப்பட்டது. எதிர்பார்த்த கப்பல்கள் வரவில்லை, வாயில் மணல் மூடியது, ஒலுவில், நிந்தவூர்க் கரைகளைக் கடல் தின்றது. தென்னைகள் வேரோடு சாய்ந்து கிடப்பதை நாங்கள் பிள்ளைகளோடு போய்ப் பார்த்திருக்கிறோம். மீனவர்களின் தோணிகளுக்கு இழுத்து வைக்கக் கரை இல்லை. இதில் அவர் பங்கு எவ்வளவு, பின்னால் கட்டியவர்களின் பங்கு எவ்வளவு என்று வாதாடலாம். கடலுக்கு அந்த வாதம் விளங்காது.

இன்னொன்றும் பிள்ளைகளுக்குச் சொன்னோம். 1999இல் தீகவாபிக் காணி விவகாரத்தில் சோம தேரரோடு தொலைக்காட்சியில் நேருக்கு நேர் விவாதித்தார். சிங்களத்தில். பலரும் வேண்டாம், கலவரமாகிவிடும் என்று பயந்த நேரம். அவர் போய் உட்கார்ந்து பேசினார். எங்களைப் பற்றி வேறு மொழியில் ஒரு கதை பரவும்போது, அதே மொழியில், அதே மேசையில் இருந்து பதில் சொல்ல வேண்டும் என்று நினைத்த மனிதர். 2019க்குப் பிறகு நாங்கள் பட்ட பாட்டில் அப்படி ஒருவரைத் தேடாத நாள் இல்லை. அதே வருடம் "நான் எனும் நீ" என்ற கவிதைத் தொகுப்பும் வெளியிட்டார், அமைச்சர் வேலைக்கும் வழக்குக் காகிதத்துக்கும் நடுவில் எப்போது எழுதினாரோ. கடைசிக் காலத்தில் தேசிய ஐக்கிய முன்னணி என்று எல்லா இனத்தவரையும் சேர்த்து ஒரு கட்சி தொடங்கினார். தனிக்கட்சியை உண்டாக்கியவரே அதைத் தாண்டிப் போகப் பார்த்தார். ஏன் என்று கேட்க அவருக்கும் நேரம் இருக்கவில்லை, எங்களுக்கும் கிடைக்கவில்லை.

கணக்குப் பாடம் இன்னும் முடியவில்லை. அவர் மௌத்தாகி ஒரு மாதம்கூட ஆகவில்லை, 2000 ஒக்டோபர் 10 பொதுத் தேர்தலில் ஜே.வி.பி. 10 ஆசனம் எடுத்தது. நாடு முழுக்க அதற்குக் கிடைத்தது 6 வீதம் மட்டும். பிள்ளைகள் கண்ணை விரித்தார்கள். பிறகு 2020 முடிவைப் பலகையில் எழுதினோம். கொழும்பு மாவட்டத்தில் தேசிய மக்கள் சக்திக்கு 6 வீதத்துக்கும் குறைவான வாக்கு, ஒரு ஆசனம். அந்த ஆசனத்தில் வந்தவர் யார் என்று கேட்டோம். பின் வாங்கிலிருந்து ஒரு பையன் கத்தினான், "அனுர!" ஆமாம், இன்றைய ஜனாதிபதி. பழைய 12.5 இருந்திருந்தால் 2020இல் கொழும்பிலிருந்து அவர் அந்தச் சபைக்குள் வந்திருக்க முடியாது. கல்முனை லோயர் ஒருவர் தன் சிதறிய சமூகத்துக்காக மாற்றிய எண், தெற்கில் யார் யாருக்கோ கதவு திறந்திருக்கிறது. அந்தப் பையன் கொப்பியில் இரண்டு எண்ணையும் எழுதி, 12.5ஐ வெட்டிவிட்டு 5ஐ வட்டம் போட்டு வைத்திருந்தான்.

இடையிடையே 5 வீதத்தைத் திரும்பக் கூட்ட வேண்டும், சின்னக் கட்சிகள் பேரம் பேசுகின்றன என்ற கதை வரும். 2020இல் 12.5க்கே திரும்ப வேண்டும் என்று பாராளுமன்றத்தில் ஒரு யோசனையும் வந்தது. அப்போது எங்கள் ஊர் முகநூலில் ஒரு பதிவுகூடக் காணக் கிடைக்கவில்லை. அந்த வாரம் எல்லோரும் வேறு எதற்கோ சண்டை பிடித்துக்கொண்டிருந்தார்கள்.

ஒரு வேண்டுகோள். எங்கள் பாடசாலை நூலகத்தில் அவரைப் பற்றி இருப்பது நினைவு மலர்கள்தான், அவற்றில் பாதி வாழ்த்துச் செய்தி. 1988, 1989, 1994 தேர்தல் துண்டுப் பிரசுரங்கள், பழைய பத்திரிகை வெட்டுகள், அவருடைய பாராளுமன்ற உரைப் பிரதிகள், பேச்சுக் கெசட்டுகள் யாரிடமாவது இருந்தால் இன்பொக்ஸில் சொல்லுங்கள். ஸ்கேன் எடுத்துவிட்டுப் பத்திரமாகத் திருப்பித் தருவோம். கெசட் பிளேயர் ஒன்று வேலை செய்கிற நிலையில் இருந்தால் அதையும் சொல்லுங்கள், எங்களிடம் இருந்தது நாடாவைத் தின்கிறது.

அல்லாஹ் அன்னாரின் பிழைகளைப் பொறுத்து, ஜன்னத்துல் பிர்தௌஸை வழங்குவானாக. ஆமீன்.